நிலம் எடுப்புக்கு ஆட்சேபனை: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

நில எடுப்பு நோட்டீஸ் வந்த வீட்டில் முதலில் நடப்பது ஒன்றுதான். தாளைப் பிரித்து, "சென்ட்டுக்கு எவ்வளவு போட்டிருக்கான்?" என்று தேடுவார்கள். அது அந்தத் தாளில் இருக்காது. விலைப் பேச்சு பிறகு வருகிறது. அதற்கு முன்னால் சில வாரங்கள், "இந்த நிலம்தான் வேண்டுமா, ஏன்?" என்று அரசைக் கேட்க மட்டும் சட்டம் ஒதுக்கியிருக்கிறது. பலர் அந்த வாரங்களை விலையை விசாரிப்பதிலேயே கழித்துவிடுகிறார்கள். தமிழ்நாட்டு நில உரிமையாளர்களை மனதில் வைத்து, அந்த வாரங்களைப் பற்றியே பெரும்பாலும் இங்கே எழுதியிருக்கிறது.

அரசு கேட்டால் நிலத்தைக் கொடுத்தே ஆக வேண்டுமா?

பொது நோக்கத்துக்காக, சட்டம் சொல்லும் வழியில், இழப்பீடு கொடுத்து எடுத்தால் ஆம். உங்கள் சம்மதம் தேவையில்லை. சொத்துரிமை ஒரு காலத்தில் அடிப்படை உரிமையாக இருந்தது. 1978-ல் 44-வது திருத்தம் அதை அந்தப் பட்டியலிலிருந்து எடுத்துவிட்டு, 300ஏ என்ற பிரிவைக் கொண்டுவந்தது. சட்டத்தின் அதிகாரம் இல்லாமல் ஒருவருடைய சொத்தைப் பறிக்கக் கூடாது என்பதே அதன் சாரம்.

ஒரு வரிதானே என்று நினைக்க வேண்டாம். 2024 மே மாதம் கொல்கத்தா மாநகராட்சி வழக்கில் உச்ச நீதிமன்றம் இந்த ஒரு வரிக்குள் ஏழு உரிமைகள் இருப்பதாகப் பிரித்துக் காட்டியது. முன்கூட்டியே தெரிவிக்க வேண்டும், நாம் சொல்வதைக் கேட்க வேண்டும், காரணம் சொல்லி முடிவெடுக்க வேண்டும், பொது நோக்கத்துக்கு மட்டுமே எடுக்க வேண்டும், நியாயமான இழப்பீடு தர வேண்டும், இழுத்தடிக்காமல் செய்ய வேண்டும், எடுத்த வேலையை முறையாக முடிக்க வேண்டும். இதில் இரண்டாவதும் மூன்றாவதும்தான் நாம் பேசப் போகும் ஆட்சேபனை உரிமை.

தனியார் கலந்த திட்டமென்றால் கொஞ்சம் வித்தியாசம். 2013-ஆம் ஆண்டின் மத்திய நில எடுப்புச் சட்டப்படி அரசு ஒரு தனியார் நிறுவனத்துக்காக எடுத்தால் பாதிக்கப்படும் குடும்பங்களில் 80 சதவீதத்தினரின் முன்சம்மதம் வேண்டும். அரசும் தனியாரும் சேர்ந்த திட்டமென்றால் 70 சதவீதம். அரசே தனக்காக எடுக்கும்போது இந்தச் சம்மதக் கணக்கு கிடையாது.

ஆட்சேபனை கொடுத்தால் எடுப்பு நின்றுவிடுமா?

பெரும்பாலும் நிற்காது. ஆனாலும் கொடுக்கத்தான் வேண்டும். இந்த இரண்டையும் சேர்த்துப் புரிந்துகொள்ள சிங்கூரைப் பார்க்கலாம். மேற்கு வங்கத்தின் ஹூக்ளி மாவட்டத்தில் டாட்டா நானோ கார் தொழிற்சாலைக்காக 2006-ல் 997 ஏக்கர் எடுத்தார்கள். விவசாயிகள் ஆட்சேபனை கொடுத்தார்கள், அதிகாரிகள் நிராகரித்தார்கள், நிலம் போனது. பத்து ஆண்டு கழித்து, 2016 ஆகஸ்ட் 31 அன்று, உச்ச நீதிமன்றம் அந்த எடுப்பையே ரத்து செய்து நிலத்தைத் திருப்பிக் கொடுக்கச் சொன்னது. வாங்கிய இழப்பீட்டைத் திருப்பித் தரவும் தேவையில்லை என்றது.

தீர்ப்பு எழுதிய இரண்டு நீதிபதிகளுக்கும் இது பொது நோக்கமா என்பதில் ஒத்த கருத்து இல்லை. ஒருவர் இல்லை என்றார், மற்றவர் உண்டு என்றார். ஆட்சேபனைகளை முறையாகப் பரிசீலிக்காமல் தள்ளியது தவறு என்பதில் இருவரும் ஒன்றுபட்டார்கள். 2006-ல் "என்ன கொடுத்து என்ன ஆகப்போகுது" என்று எல்லாரும் வீட்டிலேயே இருந்திருந்தால் 2016-ல் பேச எதுவும் இருந்திருக்காது.

நோட்டீஸில் ஏதோ பிரிவு எண் இருக்கிறது. அது எதற்கு?

முதலில் பார்க்க வேண்டியதே அதுதான். பரப்பு, புல எண் எல்லாம் அப்புறம். எந்தச் சட்டத்தின் கீழ் எடுக்கிறார்கள் என்பதைப் பொறுத்துத்தான் உங்களுக்கு எத்தனை நாள், யாரிடம் மனு, நிலம் எந்தக் கட்டத்தில் கைமாறுகிறது என்பதெல்லாம் தீர்மானமாகிறது.

2013 மத்தியச் சட்டம் என்றால் நோட்டீஸில் பிரிவு 11 என்று இருக்கும். ஆட்சேபனை பிரிவு 15-ன் கீழ். இதில்தான் உரிமைகள் விரிவாக இருக்கின்றன.

தேசிய நெடுஞ்சாலை என்றால் 1956-ஆம் ஆண்டுச் சட்டம். 3ஏ அறிவிப்பு முதலில் வரும், ஆட்சேபனை 3சி, இறுதி அறிவிப்பு 3டி. இதில் 3டி அரசிதழில் வெளியான அந்த நாளே நிலம் மத்திய அரசுக்குப் போய்விடுகிறது. பணம் கைக்கு வந்திருக்காது, நெல் வயலில் நின்றுகொண்டிருக்கும், ஆனால் காகிதத்தில் நிலம் உங்களுடையது அல்ல. 2013 சட்டத்தில் அப்படி இல்லை. இழப்பீட்டை முழுதாகக் கொடுத்த பிறகே கலெக்டர் நிலத்தைச் சுவாதீனம் எடுக்க முடியும்.

அப்புறம் தமிழ்நாட்டின் சொந்தச் சட்டங்கள் மூன்று. ஆதிதிராவிடர் நலத் திட்டங்களுக்கு நிலம் எடுக்கும் 1978 சட்டம், தொழில் நோக்கங்களுக்கான 1997 சட்டம், மாநில நெடுஞ்சாலைகளுக்கான 2001 சட்டம். சிப்காட் என்றால் பெரும்பாலும் 1997 சட்டம்தான். பரந்தூர் விமான நிலையத்துக்கும் அதையே பயன்படுத்துகிறார்கள். 2013 சட்டம் வந்ததும் இவை செல்லுமா என்ற கேள்வி எழுந்தது. 2019 ஜூலையில் சென்னை உயர் நீதிமன்றம் செல்லாது என்றது. அதே ஆண்டே மாநில அரசு புதிய சட்டம் இயற்றி, குடியரசுத் தலைவர் ஒப்புதல் வாங்கி மூன்றுக்கும் உயிர் கொடுத்தது. 2021 ஜூன் 29 அன்று உச்ச நீதிமன்றம் அதைச் செல்லும் என்றது. ஆக, இன்று இழப்பீட்டை 2013 சட்ட அளவில் கேட்கலாம். ஆனால் அந்தச் சட்டத்தின் சமூகத் தாக்க மதிப்பீடு (எடுப்பால் யார், எப்படிப் பாதிக்கப்படுவார்கள் என்ற ஆய்வு), ஆட்சேபிக்க அறுபது நாள் அவகாசம் போன்றவற்றை இந்த மூன்று சட்டங்களின் கீழ் எடுக்கும்போது கேட்க முடியாது. என்னைக் கேட்டால், தமிழ்நாட்டு விவசாயிக்கு நில எடுப்பில் நடந்த பெரிய இழப்பு இதுதான். பணத்தில் இழப்பில்லை என்பதால் யாரும் அதிகம் பேசவில்லை.

ஆட்சேபனைக்கு எத்தனை நாள் கெடு?

2013 சட்டத்தில் முதல்நிலை அறிவிப்பு வெளியான நாளிலிருந்து 60 நாள். தேசிய நெடுஞ்சாலையில் அரசிதழில் வெளியானதிலிருந்து 21 நாள். ரயில்வே சட்டத்தில் 30 நாள். மாநிலச் சட்டங்களில் உங்களுக்கு வரும் நோட்டீஸிலேயே எந்தத் தேதிக்குள் காரணம் காட்ட வேண்டும் என்று போட்டிருப்பார்கள்.

கெடு உங்கள் கைக்கு நோட்டீஸ் வந்த நாளிலிருந்து ஓடுவதாக நினைத்து ஏமாறுகிறவர்கள் அதிகம். 21 நாள் அரசிதழ் தேதியிலிருந்து ஓடுகிறது. நாளிதழில் நீங்கள் பார்ப்பதற்குள் அதில் சில நாள் கரைந்திருக்கும். 2013 சட்டத்தில் அரசிதழ், இரண்டு நாளிதழ், ஊராட்சி மற்றும் தாலுகா அலுவலகம், இணையதளம் என்று பல இடங்களில் வெளியிட வேண்டும், ஒவ்வொன்றுக்கும் ஒரு தேதி இருக்கும். எது முதலில் வந்ததோ அதிலிருந்து எண்ணி மனுவைக் கொடுத்துவிடுங்கள். கடைசித் தேதியிலிருந்து எண்ணலாம் என்று வாதாடுவது வக்கீலின் வேலை, அந்த வேலையை அவருக்கு வைக்காதீர்கள்.

பட்டா இன்னும் தாத்தா பெயரில் இருக்கிறது. எங்களுக்கு நோட்டீஸே வரவில்லை.

நோட்டீஸ் வருவாய்ப் பதிவேட்டில் உள்ள பெயருக்குத்தான் போகும். தாத்தா காலமாகி இருபது வருஷம் ஆகியிருக்கும், அப்பாவும் சித்தப்பாவும் வாய்ப்பேச்சில் பாகம் பிரித்து ஆளுக்கு ஒரு பக்கம் உழுதுகொண்டிருப்பார்கள். ஊரில் பாதி நிலம் இந்தக் கதைதான். இறந்தவர் பெயருக்கு நோட்டீஸ் அனுப்பிவிட்டு வேலை முடிந்ததாக அலுவலகம் எழுதிக்கொள்ளும்.

பட்டா மாறும் வரை காத்திருக்காதீர்கள். வாரிசுச் சான்று, இறப்புச் சான்று, பழைய கிரயப் பத்திரம், வில்லங்கச் சான்று, தீர்வை ரசீது, அடங்கல் (யார் என்ன பயிர் செய்கிறார் என்ற வி.ஏ.ஓ. பதிவு) என்று கையில் உள்ளதை வைத்து "நான் இந்த நிலத்தில் உரிமை உள்ள நபர்" என்று மனுவின் முதல் பத்தியிலேயே சொல்லி ஆட்சேபனையைக் கொடுங்கள். பட்டா மாற்றத்துக்குத் தனியாக விண்ணப்பம் போடுங்கள். இரண்டும் இரண்டு தடத்தில் ஓடட்டும். கூட்டுப் பட்டா என்றால் பங்காளிகள் எல்லாரும் கையெழுத்துப் போட்டால் நல்லது. பங்காளிச் சண்டையில் யாராவது மறுத்தால் உங்கள் பங்குக்கு நீங்கள் தனியாகக் கொடுக்கலாம், தடையில்லை.

நோட்டீஸே தரவில்லை என்பது பின்னால் வழக்கில் ஒரு நல்ல காரணம். அதற்காக விஷயம் தெரிந்த பிறகும் சும்மா இருந்துவிட்டு, எனக்குத் தெரியாது என்று நீதிமன்றத்தில் சொன்னால் எடுபடாது.

குத்தகைக்கு உழுகிறவர் ஆட்சேபிக்கலாமா?

2013 சட்டத்தில் தாராளமாக. அந்தச் சட்டத்தின்படி உரிமை உள்ள நபர் என்பதில் பட்டாதாரர் மட்டும் இல்லை. மாநிலச் சட்டப்படி குத்தகை உரிமை உள்ளவர், வாரத்துக்கு, அதாவது விளைச்சலில் பங்குக்கு உழுகிறவர், அந்த நிலத்தின் வழியாகப் பாதை உரிமை உள்ளவர், வன உரிமை இழக்கும் பழங்குடியினர், பிழைப்பே அந்த நிலத்தை நம்பி இருப்பவர் என்று எல்லாரும் அடங்குவார்கள். வாய்மொழிக் குத்தகை என்றால் நிரூபிப்பது கஷ்டம். அடங்கலில் பெயர் இருந்தால் அது பெரிய பலம்.

மனுவில் என்ன எழுதுவது?

2013 சட்டம் மூன்று தலைப்பில் ஆட்சேபிக்கச் சொல்கிறது: எடுக்கும் நிலத்தின் பரப்பும் பொருத்தமும், பொது நோக்கத்துக்குச் சொல்லும் நியாயம், சமூகத் தாக்க அறிக்கையில் உள்ள முடிவுகள். தேசிய நெடுஞ்சாலைச் சட்டத்தில் அந்த நிலத்தை அந்த நோக்கத்துக்குப் பயன்படுத்துவதை எதிர்த்து எழுத வேண்டும். எந்தச் சட்டமானாலும் உங்கள் மனு இந்த வட்டத்துக்குள் நின்றால்தான் அதிகாரி பதில் சொல்லக் கட்டுப்பட்டவர்.

பெரும்பாலான மனுக்கள் இப்படி இருக்கும்: "ஐயா, எங்களுக்கு இந்த நிலத்தை விட்டால் வேறு வாழ்வாதாரம் இல்லை. பரம்பரையாக விவசாயம் செய்து வருகிறோம். தயவுகூர்ந்து எங்கள் நிலத்தை விட்டுக்கொடுக்கும்படி பணிவன்புடன் கேட்டுக்கொள்கிறேன்." ஊரில் நூறு பேர் கையெழுத்து, எல்லாம் ஒரே ஜெராக்ஸ். இதில் பொய் ஒன்றும் இல்லை. ஆனால் "பொது நலனை முன்னிட்டு ஏற்க இயலாது" என்று ஒரே வரியில் நூறு மனுவையும் முடித்துவிடலாம்.

அதையே இப்படி எழுதிப் பாருங்கள்: "மேற்படி புல எண்ணின் தென்கிழக்கு மூலையில் பாசனக் கிணறும் மின்மோட்டாரும் உள்ளன. எடுக்கப்படும் 40 சென்ட் அந்தக் கிணற்றை உள்ளடக்கியது. கிணறு போனால் எடுக்கப்படாத 2 ஏக்கர் 10 சென்ட் நஞ்சையும் தரிசாகும். சாலையின் மையக்கோட்டை மேற்கே நகர்த்தினால் அங்கு அரசு புறம்போக்கு உள்ளது. புல வரைபட நகலும் அ-பதிவேட்டு நகலும் இணைத்துள்ளேன். அந்த மாற்று வழி ஏன் ஏற்கப்படவில்லை என்பதைக் காரணத்துடன் தெரிவிக்க வேண்டுகிறேன்." இதை ஒரே வரியில் தள்ள முடியாது. யாராவது ஒருவர் வரைபடத்தைப் பிரித்துப் பார்த்தாக வேண்டும். பார்க்காமல் தள்ளினால் அந்தத் தள்ளுபடியே நாளை உங்கள் வழக்குக்கு ஆதாரம்.

ஆகவே உங்கள் நிலத்துக்கு மட்டுமே பொருந்துகிற விஷயங்களைத் தேடுங்கள். கிணறு, போர், வாய்க்கால், வண்டிப்பாதை, மரங்கள், எத்தனை போகம், ஆடு மாடு, குலதெய்வக் கோயில், சமாதி, மீதி நிலத்துக்குப் போக வழி இருக்கிறதா என்பது. பல போகம் விளையும் பாசன நிலத்தைக் கடைசி வழியாக மட்டுமே எடுக்க வேண்டும் என்று 2013 சட்டத்தின் பிரிவு 10 சொல்கிறது. சாலை, ரயில், கால்வாய் மாதிரி நீளவாக்கில் போகும் திட்டங்களுக்கு அந்தப் பிரிவு பொருந்தாது. தேவைக்கு மேல் எடுக்கிறார்கள் என்றால் அதையும் கேளுங்கள். இதே திட்டத்துக்காக ஏற்கனவே எடுத்த நிலம் பக்கத்தில் சும்மா கிடந்தால் தேதி போட்ட போட்டோவோடு எழுதுங்கள்.

திட்ட வரைபடம், மாற்று வழிகளை ஆராய்ந்த அறிக்கை ஆகியவற்றைத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் கேட்கலாம். பதிலுக்கு 30 நாள் அவகாசம் உண்டு என்பதால் 21 நாள் கெடு உள்ளவர்களுக்குப் பதில் நேரத்துக்கு வராது. வரும்போது கூடுதல் மனுவாகக் கொடுக்கும் உரிமையை வைத்துக்கொள்கிறேன் என்று முதல் மனுவிலேயே ஒரு வரி சேர்த்துவிடுங்கள்.

விலை குறைவு என்று இதிலேயே எழுதலாமா?

வேண்டாம். "ஏக்கருக்கு இவ்வளவு கொடுத்தால் தருகிறோம்" என்று ஒரு வரி இருந்தால் போதும், இவருக்கு நிலம் கொடுப்பதில் ஆட்சேபனை இல்லை, விலையில்தான் குறை என்று எழுதி முடித்துவிடுவார்கள். உண்மையிலேயே உங்களுக்கு விலைதான் பிரச்சினை என்றால் அது தப்பில்லை. அதற்கான இடம் பின்னால் வருகிறது. இரண்டையும் ஒரே தாளில் கலந்தால் இரண்டுமே வலுவிழக்கும்.

திங்கள்கிழமை குறைதீர் நாளில் கலெக்டரிடம் நேரில் மனு கொடுத்தோமே, போதாதா?

போதாது. குறைதீர் நாள் மனு அங்கிருந்து தாசில்தார், வருவாய் ஆய்வாளர், வி.ஏ.ஓ. என்று இறங்கி, உரிய நடவடிக்கை எடுக்கப்படும் என்று ஒரு பதிலோடு முடிந்துவிடலாம். அது சட்டப்படியான ஆட்சேபனையாகக் கணக்கில் வரும் என்று நம்பியிருக்காதீர்கள். அறிவிப்பின் எண், தேதி, பிரிவு எல்லாம் குறிப்பிட்டு, நோட்டீஸில் சொன்ன அதிகாரியின் பெயருக்கே தனியாகக் கொடுங்கள். அது பெரும்பாலும் நில எடுப்புத் தனி தாசில்தாராகவோ தனி மாவட்ட வருவாய் அலுவலராகவோ இருக்கும். நகலில் முத்திரையும் தேதியும் வாங்குங்கள். மறியலும் உண்ணாவிரதமும் செய்ய வேண்டாம் என்று சொல்லவில்லை. பல திட்டங்கள் நின்றதே அதனால்தான். ஆனால் போராட்டத்துக்குப் போன ஊர் மனு கொடுக்க மறந்துவிடுவதைப் பார்த்திருக்கிறேன்.

விசாரணை நாளில் என்ன நடக்கும்?

தேதி குறித்துக் கூப்பிடுவார்கள். நீங்களே போகலாம், எழுத்துமூலம் அதிகாரம் கொடுத்து வேறொருவரை அனுப்பலாம், வக்கீலோடும் போகலாம். சில இடங்களில் கல்யாண மண்டபத்தில் ஊரையே உட்காரவைத்து ஒரு மணி நேரத்தில் முடிக்கப் பார்ப்பார்கள். உங்கள் முறை வரும்போது மனுவில் உள்ள ஒவ்வொரு குறிப்பையும் வாயாலும் சொல்லுங்கள், அது பதிவானதா என்று பாருங்கள். கையெழுத்து வாங்குவதற்கு முன் எழுதியதைப் படித்துப் பாருங்கள், படிக்கத் தெரியாதவர் பேரன் பேத்தியைக் கூட்டிக்கொண்டு போகட்டும். வெற்றுத் தாளிலும், "ஆட்சேபனை இல்லை" என்று அச்சடித்த படிவத்திலும் கையெழுத்துப் போடாதீர்கள். சொன்னது எழுதப்படவில்லை என்றால் அன்றே வீட்டுக்கு வந்து, "இன்று விசாரணையில் நான் கூறியவை" என்று ஒரு கடிதம் எழுதி அதே அலுவலகத்துக்குத் தபாலில் ஒப்புகையோடு அனுப்பிவிடுங்கள்.

விசாரணைக்குப் போகாமல் புறக்கணிப்பது ஒரு போராட்ட முறை. மானம் சம்பந்தப்பட்ட விஷயம் என்று சில ஊர்களில் அப்படி முடிவெடுக்கிறார்கள். எழுத்து மனுவாவது உள்ளே இருக்கட்டும். வாய்ப்புக் கொடுத்தோம், வரவில்லை என்று கோப்பில் ஏறிவிட்டால் அதை அழிப்பது சிரமம்.

நிராகரித்துவிட்டார்கள். அடுத்து?

முதலில் நிராகரிப்பு உத்தரவின் நகலை வாங்குங்கள். 2013 சட்டத்தில் கலெக்டர் விசாரித்து, பரிந்துரையோடு அரசுக்கு அறிக்கை அனுப்புவார், அரசின் முடிவே இறுதி. நெடுஞ்சாலையில் 3சி அதிகாரியின் உத்தரவே இறுதி. இறுதி என்றால் அந்தத் துறைக்குள் மேல்முறையீடு இல்லை என்று அர்த்தம். உயர் நீதிமன்றத்தின் ரிட் அதிகாரத்தை, அதாவது அரசின் முடிவு சட்டப்படி எடுக்கப்பட்டதா என்று பார்க்கும் அதிகாரத்தை, அது கட்டுப்படுத்தாது. சிவில் கோர்ட்டில் தடை வாங்கலாம் என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள், 2013 சட்டத்தின் பிரிவு 63 அதை அடைத்துவிட்டது. சென்னை அல்லது மதுரை அமர்வில் ரிட் மனுதான் வழி.

அங்கே நீதிமன்றம் சாலை எந்த வழியில் போக வேண்டும் என்று தானே தீர்மானிக்காது. ஆட்சேபனைகளைக் கேட்டார்களா, மனதைச் செலுத்தினார்களா, காரணம் எழுதினார்களா என்று பார்க்கும். எல்லா மனுவுக்கும் ஒரே வாசகத்தில் பதில் இருந்தால் அதுவே உங்கள் முக்கியமான வாதம்.

சீக்கிரம் போக வேண்டும். குஜராத்தில் சரக்கு ரயில் பாதைக்கு நிலம் எடுத்தபோது ஆட்சேபனைகள் மீது உத்தரவே போடவில்லை. 2019-ல் உச்ச நீதிமன்றம் அது சட்ட விரோதம் என்று ஒத்துக்கொண்டது. ஆனாலும் திட்டம் வெகுதூரம் போய்விட்டதால் நிலம் திரும்பவில்லை, இழப்பீட்டை 2013 சட்டப்படி கணக்கிடச் சொன்னதோடு சரி. நம்மூர் சென்னை – சேலம் எட்டுவழிச் சாலையில் உயர் நீதிமன்றம் 2019 ஏப்ரல் 8 அன்று எடுப்பை ரத்து செய்தது. 2020 டிசம்பர் 8 அன்று உச்ச நீதிமன்றம் 3ஏ அறிவிப்பு செல்லும் என்று சொல்லிவிட்டது. ஒரு தீர்ப்பு வந்ததும் வெடி வெடித்துவிட்டுக் கோப்புகளைப் பரணில் போடக் கூடாது.

சமூகத் தாக்க மதிப்பீட்டுக் கூட்டத்துக்குப் போக வேண்டுமா?

2013 சட்டத்தில் எடுக்கிறார்கள் என்றால் கட்டாயம் போங்கள். எத்தனை குடும்பம் பாதிக்கப்படும், குறைந்த நிலத்தில் திட்டத்தை முடிக்க முடியாதா, வேறு இடம் பார்த்தார்களா என்பதையெல்லாம் அந்த ஆய்வு சொல்ல வேண்டும். அறிக்கையில் உங்கள் தெருவையே விட்டிருப்பார்கள், இருபோகத்தை மானாவாரி என்று போட்டிருப்பார்கள். அதை அங்கேயே திருத்தச் சொல்வது சுலபம். அறிக்கையை வல்லுநர் குழு பரிசீலித்து 12 மாதத்துக்குள் பிரிவு 11 அறிவிப்பு வராவிட்டால் அறிக்கை காலாவதியாகிவிடும். அந்தத் தேதிகளைக் குறித்து வையுங்கள்.

அதேபோல, பிரிவு 11 அறிவிப்பிலிருந்து 12 மாதத்துக்குள், எடுப்பை உறுதிசெய்யும் பிரிவு 19 அறிவிக்கை வர வேண்டும். வராவிட்டால் பழைய அறிவிப்பு ரத்தானதாகக் கருதப்படும். நீதிமன்றத் தடை இருந்த காலத்தைக் கழித்துவிட்டுத்தான் கணக்கு. நெடுஞ்சாலையிலும் 3ஏ-வுக்கும் 3டி-க்கும் நடுவே ஓராண்டுதான்.

கிராம சபையில் தீர்மானம் போட்டால் தடுக்க முடியுமா?

அரசியலமைப்பின் ஐந்தாம் அட்டவணைப் பகுதிகளில் கிராம சபையின் முன்சம்மதம் சட்டப்படியே தேவை. தமிழ்நாட்டில் அப்படி அறிவிக்கப்பட்ட பகுதி எதுவும் இல்லை. எனவே இங்கே தீர்மானத்துக்குத் தடுக்கும் அதிகாரம் கிடையாது. பரந்தூர் விமான நிலையத்தை எதிர்த்து ஏகனாபுரம் கிராம சபை திரும்பத் திரும்பத் தீர்மானம் போட்டும் எடுப்பு வேலை நிற்கவில்லை. ஆனாலும் தீர்மான நகலை உங்கள் மனுவோடு இணைக்கலாம், ஊரே எதிர்க்கிறது என்பதற்கு அரசே வைத்திருக்கும் பதிவேட்டில் ஒரு சான்று.

அவசரம் என்று சொல்லி ஆட்சேபனையே கேட்காமல் எடுக்கலாமா?

1894-ஆம் ஆண்டின் பழைய சட்டத்தில் இதுதான் வாடிக்கை. அவசரப் பிரிவைப் போட்டு விசாரணையைத் தாண்டிவிடுவார்கள். 2013 சட்டம் அதைச் சுருக்கிவிட்டது. நாட்டின் பாதுகாப்பு, இயற்கைப் பேரிடர், நாடாளுமன்ற ஒப்புதல் பெற்ற வேறு அவசரம் ஆகியவற்றுக்கு மட்டும்தான். அப்போதும் 80 சதவீத இழப்பீட்டை முதலிலேயே கொடுக்க வேண்டும், மொத்தத்தில் 75 சதவீதம் கூடுதலாகவும் தர வேண்டும்.

அளக்க வருகிறவர்களைத் தடுக்கலாமா?

கல்லைப் பிடுங்கினால் உங்கள் மேல் வழக்கு வரும், ஆட்சேபனைக்கு அதனால் பலம் கூடாது. 2013 சட்டப்படி நில உரிமையாளர் முன்னிலையில்தான் அளக்க வேண்டும், அதற்கு 60 நாள் முன்னறிவிப்பு தர வேண்டும். வீட்டுக்குள்ளோ வீட்டை ஒட்டிய தோட்டத்துக்குள்ளோ உங்கள் சம்மதமின்றி நுழைய 7 நாள் முன்னறிவிப்பு வேண்டும். பக்கத்தில் நின்று கிணறும் மரமும் கொட்டகையும் சரியாகப் பதிவாகிறதா என்று பாருங்கள், போனில் வீடியோ எடுங்கள்.

வீட்டில் பாதி மட்டும் போகிறது. முன் அறையை இடித்தால் மீதியில் எப்படி இருப்பது?

2013 சட்டத்தின் பிரிவு 94-ஐப் பாருங்கள். வீடு, தொழிற்கூடம் அல்லது கட்டடத்தில் ஒரு பகுதியை மட்டும் எடுப்பதில் உங்களுக்கு விருப்பமில்லை, எடுத்தால் முழுவதையும் எடு என்று கேட்கலாம். வெறும் நிலம் துண்டாவதற்கு இது பொருந்தாது. அதற்கு, மீதி நிலத்தின் மதிப்புக் குறைவை இழப்பீட்டுக் கணக்கில் சேர்க்கச் சொல்லிக் கேட்க வேண்டும்.

அறிவிப்பு வந்த பிறகு நிலத்தை விற்கலாமா, பாகம் எழுதலாமா?

பிரிவு 11 அறிவிப்பு வந்துவிட்டால் கலெக்டர் சிறப்பு அனுமதி இல்லாமல் எந்தப் பரிவர்த்தனையும் கூடாது. "குறைந்த விலைக்கு இப்பவே கொடுத்துட்டுப் போங்க, இல்லாட்டி கவர்மென்ட் சும்மா எடுத்துக்கும்" என்று வரும் தரகர்களை வாசலோடு அனுப்பிவிடுங்கள்.

இழப்பீட்டை வாங்கிக்கொண்டால் வழக்குப் போட முடியாதா?

வாங்கும்போது எழுதும் ஒரு வரியில் இருக்கிறது விஷயம். "தொகை போதாது என்ற ஆட்சேபனையுடன் பெற்றுக்கொள்கிறேன்" என்று ரசீதிலேயே எழுதிக் கையெழுத்துப் போட்டால், கூடுதல் இழப்பீடு கேட்கும் உரிமை நிற்கும். எழுதாமல் வாங்கினால் போய்விடும். அப்புறம், 2013 சட்டத்தில் கலெக்டர் தீர்வம் (இழப்பீடு இவ்வளவு என்ற உத்தரவு) சொன்னபோது நீங்கள் இருந்திருந்தால் 6 வாரத்துக்குள் அவரிடம் மனு கொடுத்து, இழப்பீட்டுத் தகராறுகளை விசாரிக்கும் ஆணையத்துக்கு அனுப்பச் சொல்ல வேண்டும். தேசிய நெடுஞ்சாலையில் மத்திய அரசு நியமிக்கும் நடுவரிடம் போக வேண்டும், நடைமுறையில் பெரும்பாலும் அது மாவட்ட கலெக்டர்தான். சந்தை மதிப்புக்கு மேல் நூறு சதவீத ஆறுதல் தொகை உண்டு என்பதை மட்டும் இங்கே சொல்லிவைக்கிறேன், இழப்பீட்டுக் கணக்கு தனியாக எழுத வேண்டிய அளவுக்கு நீளமானது.

எங்கள் நிலத்தை வாங்கவில்லை, குழாய் மட்டும் பதிக்கிறார்களாம்.

எரிவாயுக் குழாய்க்கு 1962-ஆம் ஆண்டுச் சட்டம். நிலம் உங்கள் பெயரில்தான் இருக்கும், பயன்பாட்டு உரிமையை மட்டும் எடுத்துக்கொள்வார்கள். ஆட்சேபனைக்கு 21 நாள். சந்தை மதிப்பில் 10 சதவீதம்தான் இழப்பீடு, பயிர் சேதம் தனி. குழாய்க்கு மேலே வீடு கட்டவோ கிணறு வெட்டவோ மரம் வைக்கவோ முடியாது. கொங்கு மண்டலத்தில் ஏழு மாவட்ட விவசாயிகள், மத்திய அரசின் எரிவாயு நிறுவனமான கெயிலின் குழாயை ஏன் அப்படி எதிர்த்தார்கள் என்பது இதைப் படித்தால் விளங்கும்.

எடுத்த நிலத்தில் வருஷக்கணக்கில் ஒன்றும் கட்டவில்லை. திரும்பக் கேட்கலாமா?

2013 சட்டத்தின் பிரிவு 101, சுவாதீனம் எடுத்து 5 ஆண்டு பயன்படுத்தாத நிலத்தை உரிமையாளருக்கோ வாரிசுக்கோ திருப்ப வேண்டும், அல்லது அரசின் நில வங்கியில் சேர்க்க வேண்டும் என்கிறது. அந்த "அல்லது" அரசின் கையில் இருக்கிறது.

வக்கீல் வைக்க வசதி இல்லை.

ஆட்சேபனை மனுவுக்கு வக்கீல் கட்டாயமில்லை. உயர் நீதிமன்றம் போவதென்றால் தேவைப்படும். பெண்கள், பட்டியல் சாதியினர், பழங்குடியினர், குறைந்த வருமானம் உள்ளவர்கள் ஆகியோருக்கு மாவட்ட நீதிமன்ற வளாகத்தில் உள்ள சட்டப்பணிகள் ஆணைக்குழு இலவசமாக வக்கீல் தருகிறது. நிலம் அம்மா பெயரில் இருந்தால் அவர் பெயரிலேயே விண்ணப்பியுங்கள், பெண் என்பதால் வருமானச் சான்று கேட்க மாட்டார்கள்.

மனுவை வாங்கவே மாட்டேன் என்கிறார்கள்.

வாக்குவாதம் வேண்டாம். அன்றைக்கே தபால் ஆபீஸுக்குப் போய் அதே மனுவை ஒப்புகையோடு அனுப்பி, அலுவலக மின்னஞ்சலுக்கும் ஒரு நகல் போடுங்கள். தபால் ரசீது வெயிலிலும் ஈரத்திலும் சீக்கிரம் மங்கிவிடும். வீட்டுக்கு வந்ததும் ஜெராக்ஸ் எடுத்துப் பத்திரத்தோடு சேர்த்து வையுங்கள்.